ருக்மணி தேவி: யாருடைய நடிகை?

(சிட்னியில் நடந்த எமது மாதாந்தச் சந்திப்பில் ஆற்றப்பட்ட உரையின் எழுத்து வடிவம். மெல்பேர்ண் தோழர்கள் இணையவழியாகக் கலந்துகொண்டார்கள். பேச்சு நடை பல இடங்களில் அப்படியே விடப்பட்டிருக்கிறது.)



நான் இண்டைக்கு ஒரு நடிகையைப் பற்றிப் பேசப் போறன். பெயர் ருக்மணி தேவி. டண்டினோங்கில் இருக்கிற, அறுபது வயது தாண்டிய ஒரு சிங்கள நண்பரிட்ட இந்தப் பெயரைச் சொல்லிப் பாருங்கோ, அவர் உடனே ஒரு பாட்டை முணுமுணுப்பார். அதே தெருவில் இருக்கிற எங்கட ஆட்களிட்டச் சொன்னால், பரதநாட்டியம் ஆடின ருக்மிணி தேவி அருண்டேலையே எண்டு கேப்பினம். அவ வேற, இவ வேற.

இவ முதல் சிங்களப் பேசும்படத்தின் கதாநாயகி. சிங்களச் சினிமாவின்ர குயில் எண்டு அவையள் சொல்லுறவை. அவவின்ர இயற்பெயர் டெய்சி ராசம்மா டானியல்ஸ்.

ராசம்மா என்ற பெயரைக் கேட்டதும் இங்க சிலர் நிமிர்ந்து இருக்கிறது தெரியுது. "அப்ப எங்கட ஆள்தானே!" கொஞ்சம் பொறுங்கோ. அந்தக் கேள்விக்குக் கடைசியில வாறன். முதலில் அந்த மனுசி என்ன வேலை செய்தா, யாரோடு சேர்ந்து செய்தா, அந்த வேலை அவவுக்கு என்ன கொடுத்தது எண்டு பாப்பம்.

அவர் 1923 ஜனவரி 15ஆம் திகதி நுவரெலியா மாவட்டத்தில் றம்பொடையில் பிறந்தார். தேயிலை மலை. குடும்பம் கொழும்புச் செட்டிக் கிறிஸ்தவக் குடும்பம். கொழும்புச் செட்டிகள் என்றால் போர்த்துக்கேயர், ஒல்லாந்தர் காலத்தை ஒட்டித் தென்னிந்தியாவிலிருந்து வந்து கொழும்பில் நிலைத்த வணிகச் சமூகம். பெரும்பாலும் கிறிஸ்தவர்களானவர்கள். குடிசன மதிப்பீட்டில் ஒரு காலம் தமிழரோடு சேர்த்து எண்ணப்பட்டு, 2001இல் தனிப் பிரிவாகக் காட்டப்பட்டார்கள். அதாவது, அரசாங்கத்தின் பெட்டிகளுக்குள் ஒழுங்காக அடங்காத சனம்.

சிறுமியாக இருக்கும்போதே ராமாயண நாடகத்தில் சீதையாக மேடை ஏறினார். அந்தக் காலத்துச் சிங்கள மேடையை நூர்த்தி என்பார்கள். 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் பம்பாயிலிருந்து வந்த பார்சி நாடகக் கம்பனிகளின் பாதிப்பில் உருவானது அது. திரைச்சீலை, ஹார்மோனியம், இந்துஸ்தானி மெட்டு, உரத்த வசனம். இதைக் கேட்டால் உங்களுக்கு வேறொன்று ஞாபகம் வரவேணும். சங்கரதாஸ் சுவாமிகள் காலத்துத் தமிழ் நாடக மேடையும் இதே பார்சிக் காற்றைச் சுவாசித்ததுதான். தமிழ்நாட்டுக் கம்பனிகள் கப்பலேறிக் கொழும்புக்கு வந்து நாடகம் போட்டன. கே.பி. சுந்தராம்பாளும் எஸ்.ஜி. கிட்டப்பாவும் ஒருவரை ஒருவர் சந்தித்துச் சேர்ந்து நடிக்கத் தொடங்கியதே கொழும்பில்தான். ஆக, சிங்கள மேடை, தமிழ் மேடை என்று நாங்கள் இண்டைக்குப் பிரிச்சுச் சொல்லுற இரண்டும் ஒரே தையற்காரன் தைத்த உடுப்புகள்.

பதின்ம வயதிலேயே அவரது குரல் இசைத்தட்டில் வந்துவிட்டது. எச்.டபிள்யூ. ரூபசிங்கவோடு சேர்ந்து பாடிய 'சிரி புத்தகயா விஹாரே' என்ற பாட்டு. புத்தகயாவைப் பற்றிய பௌத்தப் பக்திப் பாடல். அதைப் பாடியது ஒரு கிறிஸ்தவச் செட்டிப் பெண். அந்த நேரம் ஆரும் அதை ஒரு முரணாகப் பார்க்கவில்லை. குரல் நல்லாயிருந்தது, வேண்டினார்கள், கேட்டார்கள்.

பிறகு நீர்கொழும்பின் மினர்வா நாடகக் குழு. பி.ஏ.டபிள்யூ. ஜயமான்ன எழுதி நடத்திய குழு. அவரது தம்பி எடி ஜயமான்ன நகைச்சுவை நடிகர். எடியைத்தான் ருக்மணி மணம் முடித்தார். எழுதுகிறவர் மைத்துனர், சிரிக்க வைக்கிறவர் கணவர், நாயகி இவர். குடும்பமும் கம்பனியும் ஒன்றாக இருந்த அமைப்பு. தமிழ் நாடகக் கம்பனிகளிலும் இதைப் பார்க்கலாம். இப்படியான இடத்தில் ஒரு பெண்ணின் உழைப்புக்குத் தனியாகக் கணக்கு எழுதுவது கிடையாது. ஏனெண்டால் அது 'எங்கட வீட்டு' வேலை. இதை மனதில வைச்சிருங்கோ, பிறகு தேவைப்படும்.

மினர்வாவின் வெற்றி நாடகங்களில் ஒன்று 'கடவுனு பொரொந்துவ'. முறிந்த வாக்குறுதி என்று பொருள். அந்த நாடகம்தான் முதல் சிங்களப் பேசும்படமாகியது. 1947 ஜனவரி 21ஆம் திகதி கொழும்பில் வெளியானது.

இப்ப அந்தப் படம் எங்க, ஆரால எடுக்கப்பட்டது எண்டு பாப்பம். தயாரிப்பாளர் எஸ்.எம். நாயகம், தமிழ்நாட்டுத் தமிழர். படப்பிடிப்பு நடந்தது மதுரையில், சித்ரகலா மூவிடோன் ஸ்டூடியோவில். இயக்கியவர் ஜோதிஷ் சின்ஹா, வங்காளி. இசை நாராயண ஐயர். நடித்தவர்கள் நீர்கொழும்பிலிருந்து கடல் தாண்டிப் போன மேடை நடிகர்கள். நாயகி றம்பொடையில் பிறந்த ராசம்மா. முதல் சிங்களப் படம் இதுதான், தோழர்கள். சிங்களத்தைத் தாய்மொழியாகக் கொள்ளாத ஆட்களின் உழைப்பைக் கழிச்சுப் பாத்தால் கமரா, ஒலி, இசை, இயக்கம், முதலீடு ஒண்டும் மிஞ்சாது.

அதே ஆண்டு வந்த இரண்டாவது படம் 'அசோகமாலா'. அது கோயம்புத்தூர் சென்ட்ரல் ஸ்டூடியோவில் எடுக்கப்பட்டது. பின்னணியில் சிலோன் தியேட்டர்ஸ் அதிபர் சிற்றம்பலம் ஏபிரகாம் கார்டினர், யாழ்ப்பாணத்துத் தமிழர். அந்தப் படத்தில் பாடி அறிமுகமானவர் மொகிதீன் பேக். சேலத்தில் பிறந்த முஸ்லிம். பின்னாளில் வெசாக் காலத்துப் பௌத்தப் பாடல்கள் என்றாலே அவரது குரல்தான் என்று ஆகிவிட்டது. பிறகு நாகர்கோவிலில் பிறந்த ஆர். முத்துசாமி வந்து சிங்களப் படங்களுக்கு இசையமைத்தார்.

இதைச் சொல்லும்போது எங்கட ஆட்களுக்கு ஒரு பெருமை வரும். "பாத்தியளே, நாங்கள்தான் அவையளுக்குச் சினிமாவைக் கட்டிக் குடுத்தனாங்கள்." இந்தப் பெருமையைக் கொஞ்சம் சந்தேகத்தோடு பாக்கச் சொல்லுறன். முதல் தமிழ்ப் பேசும்படம் 'காளிதாஸ்', 1931. அதை எங்க எடுத்தவை? பம்பாயில், அர்தேஷிர் இரானி என்ற பார்சிக்காரரின் இம்பீரியல் கம்பனியில். இயக்கியவர் எச்.எம். ரெட்டி, தெலுங்கர். நாயகி டி.பி. ராஜலட்சுமி தமிழ் பேச, மற்றவர்கள் தெலுங்கும் இந்தியும் பேசினார்கள். ஆருடைய சினிமாவும் சுத்தமாகப் பிறக்கேல்லை. மூலதனம் லாபத்தைத் தேடிப் போகும், தொழில்நுட்பம் இருக்கும் இடத்துக்கு நடிகர்கள் போவார்கள். சினிமா பிறந்த முறை அது.

நாயகமும் கார்டினரும் ஏன் சிங்களப் படம் எடுத்தார்கள்? சிங்கள மக்கள் மேல இருந்த பாசத்தால் எண்டு நினைக்க வேண்டாம். இலங்கைத் தியேட்டர்களுக்குத் தமிழ்ப் படம் இந்தியாவிலிருந்து வந்துகொண்டே இருந்தது. சிங்களப் படம் இல்லை. சந்தையில் ஒரு பெரிய இடம் காலியாகக் கிடந்தது. அதுதான் காரணம். இதன் மறுபக்கம் என்ன தெரியுமோ? இலங்கையில் எடுக்கப்பட்ட முதல் தமிழ்ப் படம் 'சமுதாயம்' வந்தது 1962இல். அடுத்தது 'தோட்டக்காரி', 1963. தமிழ் முதலாளிகள் தங்கட நாட்டுத் தமிழ்க் கலைஞர்களுக்கு ஒரு சினிமாவைக் கட்டிக் கொடுக்கவில்லை. இன உணர்வு மூலதனத்துக்கு இல்லை எண்டதுக்கு இதைவிட நல்ல உதாரணம் தேவையில்லை.

சரி, 1947இல் மதுரைக்கும் கொழும்புக்கும் நடுவில் கலைஞர்கள் போய் வந்தார்கள். அடுத்த ஆண்டே இலங்கைப் பிரசாவுரிமைச் சட்டம், 1948இன் 18ஆம் இலக்கச் சட்டம். மலையகத் தமிழரில் மிகப் பெரும்பான்மையானோர் நாடற்றவர்கள் ஆனார்கள். ருக்மணி தேவி பிறந்த றம்பொடையைச் சுற்றியுள்ள தோட்டங்களில் கொழுந்து பறித்த சனத்துக்கு அது தங்கட நாடு இல்லையெண்டு சொல்லப்பட்டது. திரையில் தென்னிந்தியாவிலிருந்து வந்த இசைக்கும் ஒளிப்பதிவுக்கும் கைதட்டின அதே காலத்தில்தான், தென்னிந்தியாவிலிருந்து வந்த கைகளை வெளியே போ எண்டு சொன்னார்கள். இந்த இரண்டையும் ஒரு மேசையில வைச்சுப் பாக்கவேணும்.

அடுத்த பத்து ஆண்டுகள் அவர் உச்சத்தில் இருந்தார். 1948இல் 'கபடி ஆரக்ஷகயா', பிறகு மினர்வா நாடகங்கள் ஒன்றன்பின் ஒன்றாகப் படமாகின. நடிப்பார், தன் பாட்டைத் தானே பாடுவார். ஒரு சம்பளத்தில் இரண்டு வேலை எண்டு இதைப் படிக்கலாம். பின்னணிப் பாடகர் முறை நிலைபெறும் முன்னர் தமிழ்த் திரையிலும் இதே நிலைதான்.

பிறகு வருவது 1956. ஜூன் மாதம் தனிச் சிங்களச் சட்டம். அதே ஆண்டு எதிரிவீர சரச்சந்திரவின் 'மனமே' நாடகம். ஆண்டு முடிவில் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் 'ரேகாவ'. ஸ்டூடியோவை விட்டு வெளியே வந்து, கிராமத்து வெளிச்சத்தில் எடுத்த படம். அடுத்த ஆண்டு கான் விழாவுக்கும் போனது. இது கலையில் உண்மையான முன்னேற்றம், இதை மறுக்க ஏலாது. மினர்வாப் படங்கள் கமராவுக்கு முன்னால் போட்ட மேடை நாடகங்கள் எண்ட விமர்சனமும் சரிதான்.

ஆனால் அந்த விமர்சனத்துக்குள் இன்னொன்றும் புகுந்துகொண்டது. 'தென்னிந்தியப் பாணி' என்பது ஒரு வசைச்சொல்லாக மாறியது. மோசமான நாடகத்தனம் எண்டு சொல்லவேண்டிய இடத்தில், அந்நியத்தனம் எண்டு சொல்லத் தொடங்கினார்கள். அழகியல் வாதமும் இனவாதமும் ஒரே சொல்லைப் பாவிக்கும்போது, எது எங்க முடியுது எண்டு பிறகு பிரிக்கேலாது. இத்தனைக்கும் லெஸ்டரின் அடுத்த படமான 'சந்தேசய', 1960, கே. குணரத்தினத்தின் சினிமாஸ் நிறுவனம் தயாரித்தது. தேசியச் சினிமாவுக்கும் தமிழ் முதலாளியின் காசு தேவைப்பட்டது.

புதிய அலை வந்தபோது ருக்மணி தேவிக்கு முப்பது வயது தாண்டிவிட்டது. நாயகி வேடங்கள் குறைந்தன. நாயகர்களுக்கு வயது ஒரு பிரச்சினையாக இருப்பதில்லை, அது உங்களுக்குத் தெரியும். எம்.ஜி.ஆர். அறுபதிலும் நாயகன்.

1970களில் இன்னொரு மாற்றம். 1972இல் அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் வேலையைத் தொடங்கியது. இறக்குமதியும் விநியோகமும் பெருமுதலாளிகளின் கையிலிருந்து அரசுக்குப் போனது. அது சமசமாஜக் கட்சியும் கம்யூனிஸ்ட் கட்சியும் பங்குபற்றிய அரசு. எங்கட முகாம். உள்ளூர்ப் படங்களுக்கு அதனால் நன்மை கிடைத்தது உண்மை. ஆனால் அதே ஆண்டு அதே அரசு கொண்டுவந்த குடியரசு யாப்பு பௌத்தத்துக்கு முதன்மை இடம் கொடுத்தது, சிங்களத்தை அரசியலமைப்புக்குள்ளேயே உறுதிப்படுத்தியது. யாப்பை வரைவதில் முன்னின்றவர் கொல்வின் ஆர். டி சில்வா. 1956இல் மொழிச் சமத்துவத்துக்காகப் பேசிய அதே ஆள். நாங்கள் வலதுசாரிகளின் குற்றங்களை மட்டும் எண்ணிக்கொண்டிருக்க முடியாது.

முதலாளியிடமிருந்து படப்பெட்டியை வாங்குவது ஒரு விசயம். படத்தில் வேலை செய்த ஆளுக்கு முதுமையில் சோறு உறுதி செய்வது இன்னொரு விசயம். முதல் சிங்களப் படத்தின் நாயகி ஐம்பது வயதைத் தாண்டியும் ஊர் ஊராக இசை நிகழ்ச்சிகளுக்கும் கானிவல்களுக்கும் போய்ப் பாடிக்கொண்டிருந்தார். இரவு முழுக்க மேடை, விடியப் பயணம்.

1978 ஒக்டோபர் 28ஆம் திகதி அப்படித்தான். மாத்தறை உயன்வத்தையில் நிகழ்ச்சி முடித்து, இரவோடிரவாக வாகனத்தில் நீர்கொழும்புக்குத் திரும்பினார். ஏறத்தாழ 200 கிலோமீட்டர். ஜா-எலவுக்கு அருகே துடெல்லையில் விபத்து. வீட்டுக்கு இன்னும் கொஞ்சத் தூரம்தான் இருந்தது. அவருக்கு வயது 55. நீர்கொழும்பில் அவரை அடக்கம் செய்தபோது சனம் கடல்போல வந்தது.

இதை 'விதி' எண்டும் 'கலைக்காகவே வாழ்ந்து மடிந்தார்' எண்டும் எழுதுவினம். நான் வேற மாதிரிச் சொல்லுறன். இரவு வேலை முடிச்சு நித்திரையில்லாமல் நீண்ட தூரம் பயணம் செய்யும் தொழிலாளர்கள் வீதியில் சாகிறார்கள். லொறிச் சாரதிகள் சாகிறார்கள், பண்ணைக்குக் கூலிக்குப் போகிறவர்கள் சாகிறார்கள். ஒரு பாடகியும் அப்படித்தான் செத்தா. புகழ் அவவுக்கு ஓய்வூதியம் ஆகவில்லை.

அவர் இறந்து ஐந்து ஆண்டு கழித்து 1983 யூலை. இங்க இருக்கிற பல பேர் அந்த யூலையால்தான் இந்த நாட்டில் இருக்கிறம். அந்த நாட்களில் ஹெந்தளையில் இருந்த குணரத்தினத்தின் விஜயா ஸ்டூடியோ எரிக்கப்பட்டது. அதோடு எரிந்தவை சிங்களப் படங்களின் நெகட்டிவ்கள். கே. வெங்கட் என்ற தமிழர், சிங்களப் படங்களை இயக்கியவர், வீதியில் கொல்லப்பட்டார். தமிழரைக் கொழுத்தப் போனவர்கள் தங்கட சொந்தச் சினிமாவின் நினைவைக் கொழுத்தினார்கள். குணரத்தினம் 1983இல் தப்பினார். 1989இல், தெற்கின் கிளர்ச்சிக் காலத்தில், சுட்டுக் கொல்லப்பட்டார்.

இப்ப முதலாவது கேள்விக்கு வாறன். ருக்மணி தேவி எங்கட ஆளா?

ஒரு தமிழ்த் தேசியவாதி சொல்லுவார்: "ராசம்மா எண்ட தமிழ்ப் பெயரை மாத்தி, சிங்களத்தி ஆக்கிப் போட்டாங்கள்." ஒரு சிங்களத் தேசியவாதி சொல்லுவார்: "அவர் எங்கட கலாசாரத்தின் குயில், இனம் பேசாதேங்கோ." இரண்டு பேரும் அவவின்ர வாழ்க்கையில் பாதியை வெட்டி எறியினம். மேடைப் பெயர் வைப்பது அந்தக் கால நாடக வழக்கம். அதோட 'ருக்மணி தேவி' சிங்களப் பெயரும் இல்லை. அவவை எந்தக் கொடியிலும் சுத்தினால், மதுரை ஸ்டூடியோவில் நீர்கொழும்பு நடிகர்கள் வங்காளி இயக்குநரோடு வேலை செய்த அந்த அறை மறைஞ்சு போகும். எனக்கு முக்கியம் அந்த அறைதான்.

போன வாரம் ஒரு தோழர் என்னட்டக் கேட்டவர்: "எங்கட சனம் இவ்வளவு அழிஞ்சு கிடக்கேக்க, ஒரு சிங்கள நடிகையைப் பற்றி ஏன் பேச்சு? இது நல்லிணக்கப் பசப்பு இல்லையோ?" நியாயமான கேள்வி. இரண்டு பக்கமும் சேர்ந்து ஒரு பாட்டைக் கேட்டால் நீதி வந்திடும் எண்டு நான் சொல்லேல்லை. காணாமல் ஆக்கப்பட்டோரின் தாய்மாருக்குப் பதில் வேணும், காணி திரும்பி வரவேணும், அதுக்குப் பாட்டு ஈடு இல்லை. ஆனால் இரண்டு இனமும் எப்பவும் பிரிஞ்சே இருந்ததெண்ட கதையை, எரிச்சவர்களும் சொல்லுகினம், நாங்களும் சொல்லுறம். அந்தக் கதை பொய். பொய்யை அடித்தளமாக வைச்சு எங்கட உரிமைக் கோரிக்கையைக் கட்டத் தேவையில்லை. சேர்ந்து வேலை செய்திருந்தும் உரிமை பறிக்கப்பட்டது எண்டதுதான் இன்னும் பாரமான குற்றச்சாட்டு.

கடைசியாக, இங்க, அவுஸ்திரேலியாவில். எங்கட கலை நிகழ்ச்சிகளைப் பாருங்கோ. தமிழ்நாட்டிலிருந்து வாற நட்சத்திரத்துக்கு விமானச் சீட்டும் ஹோட்டலும் காசும். ஒலியமைப்புச் செய்கிற பொடியனுக்கு, தபேலா வாசிக்கிற உள்ளூர் ஆளுக்கு, பின்னேரம் முழுக்கச் சமையல் செய்த அக்காமாருக்கு? "சமூகத்துக்குத்தானே செய்யிறியள்" எண்டு ஒரு நன்றியும் ஒரு பூச்செண்டும். நாங்கள் எங்கட வேலைத்தலங்களில் காஷுவல் வேலைக்கும் சுப்பர் கட்டவேணும் எண்டு சண்டை பிடிக்கிற ஆக்கள். எங்கட மண்டபத்துக்குள்ள வந்ததும் மினர்வாக் கம்பனி ஆகிவிடுறம். எல்லாம் வீட்டு வேலை, கணக்கு இல்லை.

ஆகவே மூன்று முன்மொழிவு வைக்கிறன், விவாதியுங்கோ.

ஒன்று: எமது அடுத்த நிகழ்ச்சியிலிருந்து, மேடையிலும் மேடைக்குப் பின்னாலும் வேலை செய்யும் உள்ளூர்க் கலைஞர்களுக்குச் சட்டப்படியான மணித்தியாலக் கூலியாவது கொடுப்பது. காசு போதாதெண்டால் நிகழ்ச்சியைச் சின்னதாக்குவம்.

இரண்டு: மெல்பேர்ணில் சிங்கள இடதுசாரித் தோழர்களோடு சேர்ந்து ஒரு மாலை. ருக்மணி தேவி, பேக், முத்துசாமி பாட்டுகளைக் கேட்பது மட்டும் போதாது. 1948, 1956, 1972, 1983 என்ற ஆண்டுகளையும் அதே மேடையில் பேசவேணும். பாட்டுக்கு வந்து அரசியலுக்கு எழும்பிப் போற கூட்டம் வேண்டாம்.

மூன்று: இலங்கையில் சினிமாக் கொட்டகைகளில், ஸ்டூடியோக்களில், படக் கம்பனி அலுவலகங்களில் வேலை செய்த மூத்தவர்கள் எங்கட குடும்பங்களுக்குள்ளேயே இருக்கினம். படம் ஓட்டினவை, டிக்கெட் கிழிச்சவை, தட்டி எழுதினவை. அவர்களிடம் போய் ஒலிப்பதிவு செய்யவேணும். நட்சத்திரங்களைப் பற்றி எழுத ஆக்கள் இருக்கினம். இவையளைப் பற்றி நாங்கள் எழுதாட்டி ஒருத்தரும் எழுதப் போறதில்லை.

ருக்மணி தேவியை ஆருடைய ஆள் எண்டு கேட்டால், வேலை செய்தும் கூலி முழுசாக் கிடைக்காத ஆக்களின்ர ஆள் எண்டு நான் சொல்லுவன். அந்தக் கணக்கை எங்கட மண்டபத்திலயே தீர்க்கத் தொடங்கலாம்.

 இனி நீங்கள் பேசுங்கோ.